வியாழக்கிழமை பதினொன்று பன்னிரண்டு

வெள்ளிக்கிழமை மதியம் இரண்டு மணிக்கு மேனகா பொறுப்பை அடுத்த ஆளிடம் ஒப்படைத்துக் கையெழுத்துப் போட்டாள். கேட் அறையின் மூலையில் இருந்த இரும்புப் பெட்டியைத் திறந்து, காலை ஆறு மணிக்கு அணைத்து வைத்த போனை எடுத்து உயிர்ப்பித்தாள். அது நடுங்க ஆரம்பித்தது. நிற்கவேயில்லை.

கணவன் ஜெயபாலிடமிருந்து ஒன்பது அழைப்புகள். நாத்தனார் கவிப்பிரியாவிடமிருந்து பதினான்கு. வாட்ஸப்பில் நூற்றுக்கு மேல். வீட்டில் யாருக்கோ என்னவோ ஆகிவிட்டது என்றுதான் முதலில் நினைத்தாள். மேலே இருந்த செய்தியைத் தொட்டாள். ஒரு வீடியோ ஓடியது.

முப்பத்தெட்டு நொடிதான். மூடிய ரயில்வே கேட்டுக்கு வெளியே நிற்கும் காரிலிருந்து யாரோ எடுத்திருக்கிறார்கள். கேட் அறையின் சன்னல். உள்ளே நீலச் சீருடையில் அவள். குனிந்த தலை, கையைப் பார்த்தபடி. தோளுக்கும் காதுக்கும் நடுவே என்ன இருக்கிறது என்பது சன்னல் கம்பியில் மறைந்துபோயிருந்தது. எடுத்தவனின் குரல்: “பத்து நிமிசத்துக்கு மேல நிக்கறோம். கேட்ட மூடி வெச்சுட்டு இந்தம்மா போன நோண்டிட்டு இருக்குது. யாரு கேக்கறது இத?”

நேற்று காலை எடுத்தது. அவள் அப்போது ஸ்டேஷன் மாஸ்டருக்குப் போனில் சொன்ன எண்ணைப் பதிவேட்டில் எழுதிக்கொண்டிருந்தாள். அது அவளுக்குத் தெரியும். பார்க்கிறவர்களுக்கு எப்படித் தெரியும்?

அடுத்த செய்தியில் பொம்மிடியில் ஒரு செல்போன் கடை நான்கு மாதத்துக்கு முன் நடத்திய கேம் போட்டியின் படம். இரண்டாம் பரிசுக் கோப்பையோடு அவளும் கவிப்பிரியாவும். கீழே ஒருவன் எழுதியிருந்தான்: ‘இவங்க பெரிய பிளேயராச்சே.’

அதற்கும் அடுத்ததுதான் அவளை நாற்காலியில் உட்கார வைத்தது. ‘அயர்ன் ரிட்ஜ்’ என்ற அந்தத் துப்பாக்கி ஆட்டத்தில் அவளுடைய பக்கத்தை யாரோ திறந்து படம் பிடித்துப் போட்டிருந்தார்கள். ஆடிய ஆட்டங்களின் பட்டியலை யார் வேண்டுமானாலும் பார்க்கலாம். ஒரு வரியைச் சுற்றிச் சிவப்பு வட்டம்.

வியாழக்கிழமை, காலை 11.12. வெற்றி. பத்தொன்பது நிமிடம். வீழ்த்தியது பதினொரு பேர்.

வியாழக்கிழமை காலை 11.12க்கு அவள் இதே அறையில் வேலையில் இருந்தாள். போன் பெட்டிக்குள் அணைந்து கிடந்தது. அவள் ஆடவில்லை. ஆனால் அவள் பெயரில், அவள் உடுப்பில், யாரோ பத்தொன்பது நிமிடம் ஆடியிருக்கிறார்கள்.

“என்னாச்சுங்க மேனகா?” என்றான் பொறுப்பேற்ற ராஜா.

“ஒண்ணுமில்லீங்கண்ணா” என்று எழுந்து நடந்தாள். தண்டவாளத்தை ஒட்டிய மண்பாதையில் பாதி தூரம் போன பிறகுதான் குடையை அறையிலேயே விட்டுவிட்டு வந்தது தெரிந்தது.

மேனகாவுக்கு முப்பத்தொரு வயது. சித்தேரி மலையில் சாமையும் தினையும் விதைக்கிற காளியனின் மகள். சிறுமியாக இருந்தபோது விளைந்த கொல்லையில் பரண் மேல் உட்கார்ந்து பன்றி இறங்கும் சத்தத்துக்குக் காது கொடுத்தவள். பன்னிரண்டாம் வகுப்பு முடித்துத் திருப்பூருக்குப் பனியன் கம்பெனி வேலைக்குப் போனாள். அங்கே சரக்கு வண்டி ஓட்டிக்கொண்டிருந்த பொம்மிடிக்காரன் ஜெயபாலைப் பார்த்தாள். இருவரும் விரும்பிக் கட்டிக்கொண்டார்கள். ஜெயபாலின் வீட்டில் அதை யாரும் விரும்பவில்லை. வந்த முதல் மாதம் மாமியார் செல்லி அவளிடம் நேராக ஒரு வார்த்தை பேசவில்லை. “சோறு வெந்துருச்சான்னு கேளு” என்று சுவரைப் பார்த்துச் சொல்வாள்.

அந்த வீட்டில் முதலில் பேசியது கவிப்பிரியாதான். அப்போது பள்ளிக்கூடம் போய்க்கொண்டிருந்தாள். ஒரு ஞாயிற்றுக்கிழமை போனை நீட்டி, “அண்ணி, நாலு பேர் வேணும், ஒரு ஆள் குறையுது. சும்மா நில்லுங்க போதும்” என்றாள். மேனகா சும்மா நிற்கவில்லை. மூன்றாவது நிமிடத்தில், “கவி, உனக்குப் பின்னாடி யாரோ நடக்கறாங்க” என்றாள். கவிப்பிரியாவுக்கு எதுவும் கேட்கவில்லை. திரும்பிப் பார்ப்பதற்குள் சுடப்பட்டாள். அன்றிலிருந்து அண்ணி இல்லாமல் அவள் ஆடியதில்லை.

பிறகு மேனகா ரயில்வே தேர்வு எழுதினாள். மூன்றாவது முறை தேறினாள். பொம்மிடிக்குப் பக்கத்திலேயே கேட் கீப்பர் வேலை கிடைத்தபோது மாமியார் முதல்முறையாக அவள் முகத்தைப் பார்த்து, “சாப்புட்டியா” என்றாள். வேலைக்குச் சேர்ந்து ஒன்றரை வருடம் ஆகிறது. இன்னும் நிரந்தரமாகவில்லை.

காலை ஆறு முதல் மதியம் இரண்டு வரை வேலை. மாலை ஐந்து மணிக்கு வீட்டு வேலை எல்லாம் முடித்து ஒரு மணி நேரம் ஆட்டம். அந்த ஆட்டத்தில் அவள் ஒரு ரூபாய் போட்டதில்லை. காசு கொடுத்தால் விதவிதமான உடை, துப்பாக்கிக்கு வண்ணம், தொப்பி எல்லாம் உடனே கிடைக்கும். மேனகா எல்லாவற்றையும் ஆடியே சேர்த்தாள். ஒரு போட்டி முடித்தால் நாற்பது டோக்கன். ஜெயித்தால் அறுபது. அப்படி வாங்கியது பச்சைச் சட்டை. அப்படி வாங்கியது முழங்கால் வரை ஏறும் பூட்ஸ். புதிதாக வந்து எல்லாவற்றையும் காசுக்கு வாங்கி அணிந்துகொண்டு ஓடுகிறவர்களைப் பார்த்தால், “கடையில எடுத்த துணி” என்பாள்.

இந்தப் பருவத்தில் ‘சென்ட்ரி’ என்று ஒரு உடை வந்திருந்தது. கருநீலத்தில் நீண்ட கோட்டு, தோளில் தொங்கும் விளக்கு. அசையும்போது விளக்கு சிவப்பாகவும் பச்சையாகவும் மாறும். அதைக் காசுக்கு விற்கவில்லை. அறுபது நாள் ஒரு நாள் விடாமல் ஆட வேண்டும். பத்தாயிரம் டோக்கனும் சேர வேண்டும். ஒரு நாள் தவறினாலும் போச்சு. ஒவ்வொரு நாளுக்கும் திரையில் ஒரு சின்ன விளக்கு எரியும். வெள்ளிக்கிழமையோடு அவளுக்கு நாற்பத்தேழு விளக்கு.

டோக்கன்தான் இடித்தது. வியாழக்கிழமைகளில் காலை பத்து முதல் பன்னிரண்டு வரை ஆடினால் டோக்கன் இரட்டிப்பாகும். அந்த நேரம் அவள் எப்போதும் கேட்டில் இருப்பாள். “இந்த ரெண்டு மணி நேரம் மட்டும் எனக்குக் கெடச்சா எட்டிப் புடிச்சுருவன்” என்று ஒருநாள் சோறு பிசைந்தபடி சொன்னாள். சொன்னதை மறந்தும் போனாள். மூன்று வாரமாக டோக்கன் கணக்கு எதிர்பார்த்ததை விட ஏறியிருந்தபோது வார போனஸ் என்று நினைத்துக்கொண்டாள்.

வீட்டுக்குள் நுழைந்தபோது கவிப்பிரியா சமையலறை வாசலில் நின்றாள். தர்மபுரியில் கல்லூரி இரண்டாம் வருடம் படிக்கிறாள். அழுது முகம் வீங்கியிருந்தது. மேனகா செருப்பைக் கழற்றாமலே கேட்டாள்.

“நீயா?”

தலையாட்டினாள்.

“எத்தன தடவ?”

“மூணு வியாழக்கெழம. அண்ணி, டபுள் டோக்கன் உங்களுக்குக் கெடைக்கலன்னுதான். உங்க பாஸ்வேர்டு எனக்குத் தெரியுமில்ல, நாந்தான வெச்சுக் குடுத்தன். கடைசி நாளு சொல்லலாம்னு இருந்தன்.”

மேனகா தன் போனில் பட்டியலைக் கீழே இழுத்துப் பார்த்தாள். போன வியாழன் 10.40. அதற்கு முந்தைய வியாழன் 10.05, 11.20. இன்னும் யாரும் இவற்றைக் கண்டுபிடிக்கவில்லை. கண்டுபிடிக்க எவ்வளவு நேரமாகும்?

கேட்டில் வேலை செய்கிறவர்கள் பணியில் போனைத் தொடக்கூடாது. அது எல்லா விதிகளுக்கும் மேலான விதி. கேட்டைத் திறக்கக்கூடாத நேரத்தில் திறந்துவிட்டால் ஒரு பேருந்து முழுக்க ஆட்கள். ஒருமுறை ஆடியதாக முடிவானாலே வேலை போகும். மூன்றுமுறை என்றால் பேச்சே கிடையாது.

ஜெயபால் கடத்தூர்ச் சந்தையில் தக்காளி இறக்கிவிட்டு நேராக வந்தான். மினி வேனின் கதவை அடித்துச் சாத்தியது உள்ளே கேட்டது.

“மொதல்ல அந்த அக்கவுண்ட அழி” என்றான்.

“அழிச்சா நானே ஒத்துக்கிட்ட மாதிரிங்க. அவங்க படம் புடிச்சு வெச்சுட்டாங்க. என் பக்கம் காட்டத்தான் ஒண்ணும் இருக்காது.”

“அப்ப என்ன சொல்லப் போற?”

மேனகா பதில் சொல்லுமுன் கவிப்பிரியா சொன்னாள். “நான் வந்து சொல்றன்ண்ணா. நாந்தான் ஆடுனன்னு.”

ஜெயபால் தங்கையைப் பார்க்கவில்லை. மனைவியைத்தான் பார்த்தான். “பாப்பா பேரு வெளிய வரக்கூடாது மேனகா. இப்பவே கீழ என்னென்ன எழுதியிருக்கறானுங்க, படிச்சியா? நாளைக்கி இவ மொகத்தப் போட்டு எழுதுவானுங்க. காலேஜிக்குப் போற புள்ள.”

“என் மொகம் போட்டாச்சுங்களே.”

அவன் வேன் சாவியை ஆணியில் மாட்டினான். பிறகு மெதுவாக, “உனக்கு நான் இருக்கறன்” என்றான். அது பதில் இல்லை என்று அவனுக்கும் தெரிந்திருந்தது. செல்லி உள்ளே பாத்திரத்தைக் கழுவிக்கொண்டே இருந்தாள், ஏற்கெனவே கழுவிய பாத்திரத்தை.

ஐந்து மணிக்கு ரயில்வே ஸ்டேஷனிலிருந்து அழைப்பு வந்தது. மறுநாள் காலை பத்து மணிக்கு விசாரணை. முடியும்வரை கேட் வேலைக்குப் போகக்கூடாது. போனைக் கொண்டுவர வேண்டும்.

போனை வைத்ததும் மேனகா அன்றைய போட்டியை ஆடினாள். தோற்றாள். காலடிச் சத்தமே கேட்கவில்லை. அன்றைய விளக்கு மட்டும் எரிந்தது.

விசாரிக்க வந்தவர் பச்சியப்பன், ரயில்வே போக்குவரத்து ஆய்வாளர். ஓய்வு பெற இரண்டு வருடம் இருக்கும். மேசையில் கேட் பதிவேடும் வெள்ளைத் தாளும் வைத்திருந்தார். பக்கத்தில் வியாழக்கிழமை பணியில் இருந்த ஸ்டேஷன் மாஸ்டர் சுகுணா. பச்சியப்பன் வீடியோவை இரண்டுமுறை போட்டுப் பார்த்தார். மேனகா நின்றாள்.

“உக்காரும்மா. இதுல நீ என்ன பண்ற?”

“பிரைவேட் நம்பர் எழுதறன் சார். ரிசீவர் தோள்ல இருக்குதுங்க.”

ரயில் வருவதற்கு முன் ஸ்டேஷன் மாஸ்டர் கேட்டை மூடச் சொல்வார். மூடிப் பூட்டிய பிறகு கேட் கீப்பர் ஒரு ரகசிய எண்ணைச் சொல்வார். அந்த எண் வந்தால்தான் ரயிலுக்கு வழி. இரண்டு பக்கமும் எழுதிக்கொள்வார்கள்.

“இருவத்திரெண்டு நிமிசம் ஏன் மூடியிருந்துச்சு?”

“மொதல்ல கூட்ஸ் சார். அது போறதுக்குள்ள எதுருல எக்ஸ்பிரஸ். தெறக்கறதுக்கு நேரமில்லைங்க.”

சுகுணா தலையசைத்தாள். பச்சியப்பன் பதிவேட்டில் விரல் வைத்தார். 11.08. 11.19. எழுத்து தெளிவாக இருந்தது. “நேரம் சரியா இருக்குது. ஆனா பதிவேடு அப்பறமாக்கூட எழுதலாம். இத என்ன சொல்ற?” ஆட்டப் பக்கத்தின் படத்தைத் தள்ளினார். “11.12. உன் பேருதான?”

“என் பேருதான் சார். நான் ஆடல.”

“வேற யாரு?”

மேனகா வாயைத் திறந்தாள். முந்தைய நாள் கீழே எழுதியிருந்தவற்றை இரவு படுக்குமுன் ஒன்றுவிடாமல் படித்திருந்தாள். அந்த வார்த்தைகளுக்கு மேல் கவிப்பிரியாவின் முகத்தை வைத்துப் பார்த்தாள்.

“அத நான் சொல்ல மாட்டன் சார்.”

பச்சியப்பன் பேனாவைக் கீழே வைத்தார். “இது விளையாட்டு இல்லம்மா.”

“தெரியும் சார். யாருன்னு சொல்ல மாட்டன். ஆனா நான் இல்லன்னு காட்டறன்.”

சொல்லிவிட்டாள். இரவு முழுக்க அதை மனதுக்குள் ஓட்டிப் பார்த்திருந்தாள். ஆட்டத்தின் பதிவுகள் ஏழு நாள் வரை இருக்கும். ஆடியதை அப்படியே மறுபடி போட்டுப் பார்க்கலாம். ஸ்டேஷனில் கேட்டோடு பேசுவதெல்லாம் பதிவாகும். இரண்டையும் ஒன்றாக வைத்தால்? எந்த நொடியில் அவள் ரிசீவரைப் பிடித்துப் பேசிக்கொண்டிருந்தாளோ அந்த நொடியில் அந்த ஆட்டக்காரி எங்கேயாவது சுவர் ஓரத்தில் சும்மா நின்றுகொண்டிருந்தால் எல்லாம் முடிந்தது. அதை அவள் இன்னும் பார்த்திருக்கவில்லை. பார்க்கப் பயமாக இருந்தது.

“எத்தன மணிக்குப் பேசின?”

“11.19 சார். பதிவேட்டுல இருக்குதுங்க.”

சுகுணா பதிவுக் கருவியைத் திறந்து தேடினாள். பச்சியப்பன் தாளில் கணக்குப் போட்டார். ஆட்டம் தொடங்கியது 11.12, ஐந்தாவது நொடி. சுகுணா தேடி எடுத்த அழைப்பு 11.19, இருபதாவது நொடி. அப்படியானால் ஆட்டத்தின் கடிகாரத்தில் ஏழு நிமிடம் பதினைந்து நொடி. மேனகா போனில் பதிவை ஓடவிட்டு ஏழாவது நிமிடத்துக்கு இழுத்தாள். மூன்று பேரும் மேசை மேல் குனிந்தார்கள்.

“இதுல நீ எது?”

“பச்சச் சட்ட சார்.”

திரையில் பச்சைச் சட்டை ஒரு பாழடைந்த கட்டடத்தின் சுவரோரம் குந்தி உட்கார்ந்திருந்தது. அசையவில்லை. ஏழு நிமிடம் ஐந்து நொடி. ஏழு நிமிடம் பத்து. அசையவில்லை. பச்சியப்பன் அவளைப் பார்த்தார். மேனகா திரையில் ஓடும் நொடிகளைப் பார்த்தாள்.

“போடுங்க” என்றார் சுகுணாவிடம்.

கருவியிலிருந்து மணியடித்தது. பிறகு மேனகாவின் குரல். “கேட்டு மேனகா பேசறன்ங்க.” சுகுணாவின் குரல் ரயிலைச் சொன்னது. அதே நேரம் திரையில் பச்சைச் சட்டை எழுந்தது. படிக்கட்டில் ஏறியது, இரண்டு இரண்டு படியாக. திருப்பத்தில் ஒரு குண்டை வீசியது. புகை. “கேட் மூடிதான் இருக்குதுங்க மேடம்.” பச்சைச் சட்டை சாய்ந்து சுட்டது. ஒருவன் விழுந்தான். “எழுதிக்கோங்க. பிரைவேட் நம்பர் ஏழு, மூணு.” பச்சைச் சட்டை சன்னல் வழியே குதித்துப் புரண்டு எழுந்து இரண்டாவது ஆளையும் வீழ்த்தியது. “ஏழு மூணு. சரி” என்றது சுகுணாவின் குரல். பேச்சு முடிந்தது. பச்சைச் சட்டை இன்னும் ஓடிக்கொண்டிருந்தது.

சுகுணா கருவியை நிறுத்தினாள்.

“இன்னொரு தடவ போடுங்க” என்றார் பச்சியப்பன். மறுபடியும் பார்த்தார். பிறகு போனைத் தன் கையில் வாங்கி, ஆட்டத்தில் பயிற்சிக்கென்று இருந்த இடத்தைத் திறக்கச் சொன்னார். இடது கட்டைவிரலால் நடக்க வேண்டும், வலதால் திரும்ப வேண்டும், சுட வேண்டும் என்று அவள் காட்டினாள். அவர் இரண்டு கையாலும் முயன்றும் சுவரில் முட்டிக்கொண்டு நின்றார். போனைத் திருப்பித் தந்தார். சுகுணா சிரிப்பை அடக்கச் சன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள்.

“ஒரு கையில பேனா, தோள்ல ரிசீவர வெச்சுட்டு இத பண்ண முடியாது. அத நான் எழுதறன்” என்றார். “ஆனா, மேனகா. மேல கேப்பாங்க. உன் பேருல ஆடுனது யாருன்னு ஒரு இடம் இருக்குது, அத காலியா விட முடியாது. யாரோன்னு எழுதுனா உன்னத்தான் சந்தேகப்படுவாங்க. யோசிச்சுச் சொல்லு.”

யோசிக்க அவளுக்கு நேரம் கிடைக்கவில்லை. வாசலில் நிழல் விழுந்தது. கவிப்பிரியா நின்றாள். வேனிலிருந்து இறங்கி ஓடிவந்திருக்க வேண்டும், மூச்சு வாங்கியது. அவளுக்குப் பின்னால் ஜெயபால், வேன் சாவியைக் கையில் வைத்துத் திருகியபடி. மேனகாவின் கண்ணைப் பார்த்தான், தலையைக் குனிந்துகொண்டான்.

“நாந்தாங்க சார் ஆடுனன்” என்றாள் கவிப்பிரியா. “இந்த வாரம் மட்டுமில்லைங்க. மூணு வாரம். அண்ணிக்குத் தெரியாது. என் போனுல பாருங்க, எந்தெந்த போனுல லாகின் ஆச்சுன்னு வரும்.”

பச்சியப்பன் பார்த்தார். மூன்று வியாழக்கிழமைகளும் அவள் போன். அவள் சொன்னதை எழுதி வாங்கினார். எழுதும்போது ‘கவிப்பிரியா’வில் ஒரு எழுத்து விட்டுப்போனது, மேலே சேர்த்து எழுதினாள். “இந்த அறிக்கை எங்க ஆபீசுக்கு மட்டும்தாம்மா” என்றார் ஜெயபாலைப் பார்த்து. “வாட்ஸப்புக்குப் போகாது.”

மேனகாவின் போனை உறையில் போட்டு ஒட்டினார்கள். திங்கள்கிழமை திருப்பித் தரப்படும். அதுவரை அந்தக் கணக்கில் எதுவும் புதிதாக நடக்கக்கூடாது. யாருடைய போனிலிருந்தும் கூடாது. மேனகா கையெழுத்துப் போட்டாள். போட்டபிறகுதான் திங்கள்கிழமை என்ற சொல் உறைத்தது. இன்று சனி.

சாயங்காலம் கவிப்பிரியா தன் போனோடு வந்து பக்கத்தில் உட்கார்ந்தாள். திரையில் மேனகாவின் கணக்கு திறந்திருந்தது. நாற்பத்தேழு விளக்குகள் எரிந்தன. நாற்பத்தெட்டாவது அணைந்திருந்தது. அதன் கீழே நேரம் குறைந்துகொண்டே வந்தது.

“ஒரே ஒரு மேட்ச் அண்ணி. நீங்களே ஆடுங்க, என் போனுல. அவரு அந்த பக்கத்த மறுபடியும் பாக்கவா போறாரு?”

மேனகா போனை வாங்கினாள். ஒரு போட்டி. பத்து நிமிடம்கூட வேண்டாம், தோற்றாலும் விளக்கு எரியும். கட்டைவிரல் தானாகவே தொடங்கும் பொத்தானுக்கு மேலே போய் நின்றது. நாற்பத்தேழு நாளில் ஒரு நாள் காய்ச்சலோடு ஆடினாள். ஒரு நாள் ஒகேனக்கல் போன கல்யாண வேனில், சிக்னல் விட்டு விட்டு வந்தபோது, மூன்று முறை அறுந்து நான்காவது முறை முடித்தாள்.

“கையெழுத்துப் போட்டுருக்கறன் கவி” என்றாள்.

கணக்கிலிருந்து வெளியேறினாள். கவிப்பிரியாவின் சொந்தக் கணக்கு திறந்துகொண்டது. அவளுக்கும் அதே நாற்பத்தேழு விளக்குகள் இருந்தன, நாற்பத்தெட்டும் எரிந்தது. ஆனால் டோக்கன் குறைவாக இருந்தது, அண்ணியை விடக் குறைவாக. மேனகா அவளுடைய பட்டியலை இழுத்துப் பார்த்தாள். மூன்று வியாழக்கிழமைகளிலும் பத்து முதல் பன்னிரண்டு வரை காலி. அந்த இரட்டை டோக்கன் நேரத்தில் ஆடியதையெல்லாம் அவள் அண்ணியின் பெயரில்தான் ஆடியிருந்தாள்.

“உனக்கும் எட்டாதே இது.”

“எனக்கு அந்த கோட்டு அவ்வளவா புடிக்கல அண்ணி” என்றாள் கவிப்பிரியா. பொய் சொல்லும்போது அவளுக்கு மூக்கு நுனி சிவக்கும்.

மேனகாவுக்கு அப்போதுதான், வீடியோ வந்த இரண்டு நாளில் முதல்முறையாக, அழுகை வந்தது. கோபமும் அதிலேயே இருந்தது. “இனிமே என் பேருல ஆடாத. எனக்குன்னு நெனச்சுக்கூட ஆடாத. என்னைக் கேக்காம எனக்கு எதுவும் பண்ணாத. புரியுதா?” கவிப்பிரியா தலையாட்டினாள். நேரம் குறைந்து போய்க்கொண்டே இருந்தது. இருவரும் அதைப் பார்க்காமல் எழுந்து போனார்கள்.

திங்கள்கிழமை உறையும் கடிதமும் வந்தன. குற்றச்சாட்டு நிரூபிக்கப்படவில்லை. பணியில் தொடரலாம். மேனகா புதுக் கடவுச்சொல் வைத்தாள், யாருக்கும் சொல்லவில்லை. திரையில் விளக்குகள் எல்லாம் அணைந்து ஒன்றிலிருந்து தொடங்கியிருந்தது. பருவம் முடிய நாள் போதாது.

வீடியோ சுற்றுவது நிற்கவில்லை. கடிதத்தை ஜெயபால் படம் எடுத்து அந்தக் குழுக்களில் போட்டான். வீடியோவை ஆயிரம் பேர் பார்த்த இடத்தில் கடிதத்தை நாற்பது பேர் பார்த்தார்கள். எடுத்தவன் யார் என்று தெரியவில்லை, மன்னிப்பும் வரவில்லை. ஒரு மாதம் வரைக்கும் கேட் மூடியிருக்கும் ஒவ்வொரு முறையும் சன்னலில் எட்டிப் பார்க்கிறவர்கள் இருந்தார்கள். “ஜெயிச்சாச்சுங்களா?” என்று ஒருவன் பைக்கிலிருந்து கேட்டான். மேனகா ரிசீவரை இப்போதெல்லாம் கையிலேயே பிடித்துக்கொள்கிறாள், சன்னலுக்குத் தெரிகிற மாதிரி. எழுதுவதற்குச் சிரமமாக இருக்கிறது. ஆனாலும் அப்படித்தான்.

பருவம் முடிந்த நாளில் சேர்ந்த டோக்கனுக்கு ஒரு தொப்பி வந்தது. சாதாரணத் தொப்பி. பச்சைச் சட்டைக்குப் பொருந்தவில்லை. எதிரணியில் நான்கு பேரும் சென்ட்ரி கோட்டோடு வந்து நின்றபோது மேனகா ஒரு நொடி சுட மறந்து பார்த்தாள். விளக்கு சிவப்பிலிருந்து பச்சைக்கு மாறுவது நிஜமாகவே அழகாகத்தான் இருந்தது.

புதுப் பருவத்தில் அவளுடைய வார ஓய்வு வியாழக்கிழமைக்கு மாறியது. அவள் கேட்டு வாங்கவில்லை, அட்டவணை மாறியதில் வந்தது. கவிப்பிரியாவுக்குப் பரீட்சை விடுமுறை. காலை பத்து மணிக்கு இருவரும் கூடத்தில் சுவரில் சாய்ந்து உட்கார்ந்தார்கள், ஆளுக்கொரு போன், ஆளுக்கொரு கணக்கு. செல்லி குக்கரை இறக்கிவிட்டு வந்து, “வேல வெட்டி இல்லாம” என்று தொடங்கி, மருமகளின் முகத்தைப் பார்த்து நிறுத்திக்கொண்டாள்.

“அண்ணி, இடது பக்கம் யாருமில்ல, போயிரலாமா?”

மேனகா கண்ணை மூடிக் கேட்டாள்.

“இரு. மேல ரெண்டு பேரு இருக்கறாங்க. ஒருத்தன் நிக்கறான், ஒருத்தன் இறங்கறான்.”